உட்கார ஓர் இடம் கேட்கும் தலைமுறை

2022 ஜூலை மாதம், ஜகார்த்தாவின் சுதிர்மான் சாலையை ஒட்டிய டுகு அத்தாஸ் பகுதியில், பாதசாரிகள் கடப்பதற்காகப் போட்ட வெள்ளைக் கோடுகளின் மேல் பதினைந்து பதினாறு வயதுப் பிள்ளைகள் ஒய்யார நடை நடந்தார்கள். தோளைவிட அகலமான கோட்டு, தரையைப் பெருக்கும் கால்சட்டை, சாயம் ஏற்றிய முடி, கறுப்புக் கண்ணாடி. வண்டிகள் நின்றதும் ஒருவர் நடப்பார். எதிர்ப்பக்கம் குந்தியிருக்கும் நண்பர்கள் செல்போனில் படம் பிடிப்பார்கள். அடுத்த முறை இன்னொருவர். போட்டிருந்த உடைகளில் பல பழைய துணிச் சந்தையில் பேரம் பேசி வாங்கியவை. மேடை போட்டவர் யாருமில்லை. அழைப்பிதழ் இல்லை, நுழைவுக் கட்டணம் இல்லை.

அவர்களில் பெரும்பாலோர் ஜகார்த்தாவில் வசிப்பவர்கள் அல்லர். சிதாயம், போஜோங்கெடே, டெபோக் முதலிய தெற்குப் புறநகர்களிலிருந்து மின்ரயில் ஏறி வந்தவர்கள். அந்த ரயிலில் முதல் 25 கிலோமீட்டருக்கு 3,000 ரூபியா. அதற்குமேல் ஒவ்வொரு 10 கிலோமீட்டருக்கும் 1,000 ரூபியா. நம் பணத்தில் ஒரு வழிக்கு முப்பது ரூபாய் ஆனாலே அதிகம். சுதிர்மான் நிலையத்தில் இறங்கினால் கண்ணாடிக் கோபுரங்கள், அகலமான நடைபாதை, 2019இல் திறந்த மெட்ரோ, சுவரோவியம் தீட்டிய சுரங்கப்பாதை. வீட்டுக்குப் பக்கத்தில் கிடைக்காத இதெல்லாம் அங்கே காசில்லாமல் கிடைத்தது. அருகிலேயே பணக்காரர்கள் புழங்கும் வணிக வளாகம் ஒன்றை எஸ்சிபிடி என்று சுருக்கி அழைப்பது ஜகார்த்தா வழக்கம். பிள்ளைகள் அந்த எழுத்துகளுக்குச் சுதிர்மான், சிதாயம், போஜோங்கெடே, டெபோக் என்று புது விரிவு கொடுத்தார்கள். நடந்த கூத்துக்குச் ‘சிதாயம் ஃபேஷன் வீக்’ என்று பெயர் விழுந்தது.

அடுத்த சில வாரங்களில் நடந்ததைக் கவனித்தால், பெரியவர்கள் இளைஞர்களை எப்படி நடத்துகிறார்கள் என்பதன் முழு வரலாறும் அதில் அடங்கியிருப்பது தெரியும். முதலில் செல்போன் படைப்பாளிகள் வந்தார்கள். பிறகு நடிகர்கள், மாடல்கள், விளம்பர நிறுவனங்கள். ஆளுநராக இருந்த அனீஸ் பஸ்வேடான் வந்து அதே வெள்ளைக் கோட்டில் நடந்தார். நடிகரும் யூடியூபருமான பைம் வோங்கின் நிறுவனம் ‘சிதாயம் ஃபேஷன் வீக்’ என்ற பெயரைத் தன் வணிகச் சின்னமாகப் பதிவு செய்ய விண்ணப்பித்தது. ஊர் முழுக்கக் கண்டனம் எழுந்த பிறகு விண்ணப்பம் திரும்பப் பெறப்பட்டது. கூட்டம் பெருகியதும் போக்குவரத்துக்கு இடைஞ்சல் என்ற பேச்சு கிளம்பியது; குப்பை என்றார்கள், இரவில் வீடு திரும்பாமல் நடைபாதையில் தூங்குகிறார்கள் என்றார்கள். ஜூலை முடிவதற்குள் காவலர்கள் கூட்டத்தைக் கலைத்தார்கள். பிள்ளைகள் ரயிலேறி ஊர் திரும்பினார்கள். ஒரே மாதத்துக்குள் அவர்கள் வேடிக்கைப் பொருளானார்கள், விற்பனைச் சரக்கானார்கள், அரசியல்வாதிகளுக்கு ஒளிப்படப் பின்னணியானார்கள், கடைசியில் தொல்லையானார்கள். அவர்கள் கேட்டது என்ன என்று மட்டும் யாரும் விசாரிக்கவில்லை.

அவர்கள் கேட்டது கூடி உட்கார ஓர் இடம். இந்தோனேசிய இளைஞர்களின் உடை, காபி, பாட்டு, பக்தி, போராட்டம் என்று எதைத் தொட்டாலும் அடியில் இந்த ஒரே கோரிக்கை கிடக்கிறது என்பது என் உறுதியான எண்ணம். நம் செய்தித்தாள்களில் இந்தோனேசியா என்றால் பாலி, எரிமலை, சுனாமி, அதோடு முடிந்துவிடுகிறது. 2020ஆம் ஆண்டு மக்கள்தொகைக் கணக்கெடுப்பின்படி அந்நாட்டின் 27 கோடி மக்களில் ஏறத்தாழ 7.5 கோடிப் பேர் 1997க்கும் 2012க்கும் இடையில் பிறந்தவர்கள். அதற்கு முந்தைய தலைமுறையையும் சேர்த்தால் நாட்டில் பாதிக்கு மேல் வந்துவிடும். ஒரு நாட்டின் பாதியை ஏதோ ‘டிரெண்ட்’ என்று ஒதுக்கிவிட முடியாது.

தெருவோரக் காபியும் இரவு முழுக்கத் திறந்த கடையும்

குறிப்பிட்ட வேலை எதுவும் இல்லாமல் நண்பர்களோடு கூடி, ஏதாவது குடித்துக்கொண்டு, மணிக்கணக்கில் பேசிக்கொண்டிருப்பதை இந்தோனேசியாவில் ‘நோங்க்ரோங்’ என்பார்கள். நம் திண்ணைப் பேச்சும் டீக்கடை பெஞ்சும் சேர்ந்த பழக்கம். கிராமத்தில் இரவுக் காவல் குடிலில் நடந்தது, நகரத்தில் பெட்டிக்கடை வாசலில் நடக்கிறது. அங்கே ஒருவரை ஒருவர் தெரிந்துகொள்வதும், வேலைத் தகவல் பரிமாறுவதும், இசைக்குழு தொடங்குவதும், காதல் முறிவுக்கு ஆறுதல் சொல்வதும் இந்தக் கூடலில்தான்.

ஜகார்த்தா நடைபாதையில் இதற்குத் துணை நிற்பவர் சைக்கிள் காபிக்காரர். சைக்கிளின் பின்னால் வெந்நீர் ஃபிளாஸ்குகள். முன்னால் தோரணம்போலத் தொங்கும் காபிப் பொடி பாக்கெட்டுகள். கேட்ட பாக்கெட்டைக் கிழித்து, பிளாஸ்டிக் கோப்பையில் கொட்டி, வெந்நீர் ஊற்றி, கலக்கிக் கொடுப்பார். சில ஆயிரம் ரூபியாதான் விலை. இவர்களில் பலர் மதுரா தீவிலிருந்து பிழைக்க வந்தவர்கள். பன்னாட்டுக் காபிக் கடையின் பெயரோடு ‘சுற்றித் திரியும்’ என்பதைச் சேர்த்து இளைஞர்கள் இவர்களுக்கு ‘ஸ்டார்லிங்’ என்று செல்லப்பெயர் வைத்திருக்கிறார்கள். அலுவலகம் விட்டு வரும் இளம் ஊழியரும், வேலை தேடி அலையும் பட்டதாரியும், பைக் டாக்ஸி ஓட்டுபவரும் அந்தச் சைக்கிளைச் சுற்றி ஒரே திட்டில் உட்காருகிறார்கள். ஜகார்த்தா போன்ற நகரத்தில் இது சின்ன விஷயமில்லை.

யோக்யகார்த்தா போன்ற கல்லூரி நகரங்களில் அந்த இடத்தை ‘வார்மிண்டோ’ கடைகள் பிடித்திருக்கின்றன. முன்பு பச்சைப்பயறுக் கஞ்சி விற்ற கடைகள், இப்போது முக்கியமாக இண்டோமி நூடுல்ஸ் விற்கின்றன. நடத்துபவர்களில் பெரும்பாலோர் மேற்கு ஜாவாவின் குனிங்கன் பகுதிக்காரர்கள் என்பதால், மாணவர்கள் கடைக்காரரைச் சுந்தா மொழி முறையில் ‘ஆ’ என்று, நாம் அண்ணே என்று கூப்பிடுவதுபோல் அழைப்பார்கள். முட்டை போட்ட இண்டோமிக்கு அங்கே ‘இன்டெல்’ என்று பெயர். சோறும் நூடுல்ஸும் சேர்த்து வதக்கினால் ‘மகெலாங்கன்’. பல கடைகள் இரவு முழுக்கத் திறந்திருக்கும். மாதக் கடைசியில் வீட்டிலிருந்து பணம் வராத மாணவருக்குக் கணக்கு எழுதிக்கொண்டு சாப்பாடு போடும் கடைக்காரர்களும் உண்டு. ஆய்வேட்டின் அத்தியாயங்களும் ஆர்ப்பாட்டத்தின் முழக்கங்களும் அந்த மேசைகளில் எழுதப்படுகின்றன.

இந்தப் பழக்கத்தின் மேல்தான் கடந்த பத்தாண்டுகளின் காபி வணிகம் எழும்பியது. 2015இல் தெற்கு ஜகார்த்தாவின் சிப்பேத்தேயில் ‘டூக்கு’ என்ற சிறு கடை, பாலும் கருப்பட்டி போன்ற பனைவெல்லமும் சேர்த்த குளிர்காபியைத் தெருவாசிகளுக்குக் கட்டுப்படியாகும் விலையில் விற்றது. 2017இல் அதிபர் ஜோகோ விடோடோ அங்கே போய்க் காபி குடித்தது நாடு முழுக்கச் செய்தியானது. அதே ஆண்டு தொடங்கிய ‘கோப்பி கெனாங்கன்’ நிறுவனம் 2021 முடிவதற்குள் நூறு கோடி டாலர் மதிப்பை எட்டியது. உலகில் மிக அதிகமாகக் காபி விளைவிக்கும் நாடுகளில் ஒன்று, நெடுங்காலம் நல்ல கொட்டையை ஏற்றுமதி செய்துவிட்டு எஞ்சியதைத் தான் குடித்தது. காயோ, தோராஜா, கிந்தாமணி என்று தங்கள் மலைகளின் பெயரைச் சொல்லிக் காபி கேட்கும் பழக்கத்தை உண்டாக்கியவர்கள் இந்த இளைஞர்கள். இது நல்ல மாற்றம் என்பதில் எனக்குச் சந்தேகமில்லை. ஆனால் குளிரூட்டிய கடையில் ஒரு கோப்பை வாங்கினால்தான் இரண்டு மணி நேரம் உட்காரலாம் என்ற நிலை வந்தால், அந்தக் கோப்பை உட்காருவதற்கான வாடகையாகிவிடுகிறது. வாடகை கட்ட முடியாத பிள்ளைகள்தான் வெள்ளைக் கோட்டைத் தேடி வந்தார்கள்.

2007ஆம் ஆண்டின் நகர்த் திட்டச் சட்டம், எந்த நகரத்திலும் 30 விழுக்காடு நிலம் திறந்த பசுமைவெளியாக இருக்க வேண்டும் என்கிறது. அந்த இலக்கின் பக்கத்தில்கூட ஜகார்த்தா இல்லை. மால்களுக்கு மட்டும் குறைவில்லை. கொடுத்தால் இளைஞர்கள் எப்படிப் பயன்படுத்துவார்கள் என்பதற்கு எடுத்துக்காட்டுகள் இருக்கின்றன. சிக்கினியில், இஸ்மாயில் மார்சுக்கி கலை வளாகத்தில், 2022இல் புதுப்பித்துத் திறந்த நகர நூலகத்தில் வார இறுதிகளில் இடம் கிடைப்பதே அரிதானது. பிளோக் எம் பகுதியில் அதே ஆண்டு திறந்த இலக்கியப் பூங்காவும் அப்படியே. இந்தோனேசியப் பிள்ளைகள் புத்தகம் தொடுவதில்லை என்று பல்லாண்டுகளாகப் புலம்பியவர்கள் அந்த வரிசையைப் போய்ப் பார்க்க வேண்டும். 2025இல் ஆளுநர் பிரமோனோ அனுங், சில பூங்காக்களை இரவு பகலாகத் திறந்து வைக்க உத்தரவிட்டார். தாமதமாக வந்தாலும் சரியான முடிவு.

பழந்துணி, பழம்பாட்டு, பக்தி

பழந்துணி விவகாரத்தில் இளைஞர்கள் சொல்வதையும் அரசு சொல்வதையும் சேர்த்தே கேட்க வேண்டும். ஜகார்த்தாவின் செனென் சந்தையிலும் பாண்டுங்கின் கெடெபாகேயிலும் வெளிநாட்டிலிருந்து மூட்டை மூட்டையாக வரும் உடைகளைக் குவித்து விற்பார்கள். குவியலைக் கிளறி, தையலைப் புரட்டிப் பார்த்து, நல்ல ஒன்றைக் கண்டெடுப்பது இளைஞர்களுக்கு ஞாயிற்றுக்கிழமை வேட்டை. பழைய உடைகளை இறக்குமதி செய்வது 2015 முதல் வணிக அமைச்சக ஆணையால் தடை செய்யப்பட்டிருக்கிறது. 2023 மார்ச்சில் உள்நாட்டுத் துணித் தொழிலை இது கெடுக்கிறது என்று அப்போதைய அதிபர் ஜோகோ விடோடோவே சொன்னார், மூட்டைகள் எரிக்கப்பட்டன. துணித் தொழில் நொடிந்தது உண்மை. சொலோ நகருக்கு அருகே நாட்டின் மிகப் பெரிய ஆலைகளில் ஒன்றான ‘ஸ்ரீதெக்ஸ்’ திவாலாகி 2025 மார்ச்சில் மூடப்பட்டபோது பத்தாயிரத்துக்கும் மேற்பட்டோர் வேலை இழந்தனர். ஆனால் அந்த ஆலையை மூடவைத்தது மலைபோல் குவிந்த கடன். மலிவான புதுத்துணியும் பல வழிகளில் உள்ளே கொட்டுகிறது. நுனியில் நிற்கும் சின்னக் கடைக்காரரையும், பத்து ரூபாய் மிச்சம் பிடிக்க வந்த மாணவியையும் குற்றவாளியாக்கி ஒரு தொழிலைத் தூக்கி நிறுத்த முடியாது.

பாட்டுக்கு வருவோம். இந்தோனேசிய இளைஞர்கள் கொரிய இசைக்கு அடிமையாகிவிட்டார்கள் என்ற குற்றச்சாட்டு அடிக்கடி கேட்கிறது. மோகம் இருப்பது மெய்தான். 2021 ஜூனில் பிடிஎஸ் குழுவின் பெயரில் மெக்டொனால்ட்ஸ் ஓர் உணவுப் பொட்டலம் வெளியிட்டபோது, அதை வாங்கக் குவிந்த டெலிவரி ஓட்டுநர்களின் நெரிசலால் கொரோனா காலத்தில் பல கிளைகளை அதிகாரிகள் தற்காலிகமாக மூடினார்கள். ஆனால் அதற்கு இரண்டு ஆண்டுகள் முன்பு, அதே தலைமுறை செய்த இன்னொரு காரியம் என்னை அதைவிட அதிகம் ஈர்க்கிறது.

டிடி கெம்போட் சொலோ நகரத்துப் பாடகர். தெருவில் பாடிப் பிழைத்து மேலே வந்தவர். ஜாவா மொழியில், கைவிட்டுப் போன காதலைப் பற்றி, ரயில் நிலையத்திலும் பேருந்து நிலையத்திலும் துறைமுகத்திலும் காத்திருப்பவரைப் பற்றி நூற்றுக்கணக்கான பாடல்கள் எழுதிப் பாடினார். பெரியவர்கள் கல்யாண வீட்டில் கேட்கும் சங்கதி என்று நகரத்துப் பிள்ளைகள் அதை ஒதுக்கியிருந்தார்கள். 2019இல், அவருக்கு ஐம்பது தாண்டிய வயதில், இருபது வயதுப் பிள்ளைகள் அவரைக் கண்டுபிடித்தார்கள். ‘நொறுங்கிப்போன நண்பர்கள்’ என்ற பொருளில் ‘சொபாட் அம்ப்யார்’ என்று தங்களுக்குப் பெயர் சூட்டிக்கொண்டு, கச்சேரிகளில் கூடி, வெட்கமில்லாமல் வாய்விட்டு அழுதுகொண்டே ஆடினார்கள். மதிப்பெண், வேலை, கல்யாணம் என்று எல்லாவற்றிலும் தோற்கக் கூடாது என்று வளர்க்கப்பட்ட ஆண்பிள்ளைகளுக்கு, தோற்றேன் என்று பலர் நடுவில் சேர்ந்து பாட அங்கே இடம் கிடைத்தது. ஜாவா மொழி தெரியாத ஜகார்த்தா இளைஞர்களும் வரிகளை மனப்பாடம் செய்தார்கள். 2020 ஏப்ரலில் அவர் வீட்டிலிருந்தபடி நடத்திய தொலைக்காட்சி நிகழ்ச்சி, கொரோனா நிவாரணத்துக்குப் பல நூறு கோடி ரூபியா திரட்டியது. அடுத்த மாதம் 5ஆம் தேதி, 53 வயதில் அவர் இறந்தார். தாய்மொழியைக் காக்க அரசு நடத்தும் விழாக்கள் எத்தனையோ. இந்த ஒரு மனிதரின் பாட்டு செய்ததை அவை செய்யவில்லை.

மார்க்கமும் இந்தத் தலைமுறையின் கூடுமிடங்களில் ஒன்று. 2015 வாக்கில் பாண்டுங்கில், எகிப்தின் அல்-அஸ்ஹர் பல்கலைக்கழகத்தில் படித்த ஹனான் அத்தகி என்ற இளம் போதகர், கம்பளித் தொப்பியும் கட்டம்போட்ட சட்டையுமாக, ஸ்கேட்போர்டு ஓட்டுபவர்களையும் பைக் கும்பல்களையும் பள்ளிவாசலுக்கு அழைத்தார். ‘பெமுடா ஹிஜ்ரா’ என்ற அந்த இயக்கத்துக்குப் பெருங்கூட்டம் வந்தது. அவர்களைத் தீவிரவாதத்தின் வாசலில் நிற்பவர்களாகப் பார்ப்பது சோம்பேறித்தனம். குடி, போதை, தனிமை ஆகியவற்றிலிருந்து வெளியேற வழி தேடியவர்கள் அதில் ஏராளம். அதே காலத்தில், காதலையே தடை செய்ய வேண்டும், சீக்கிரம் கல்யாணம் செய்துகொள்ள வேண்டும் என்று பள்ளிப் பெண்களிடம் பிரசாரம் செய்த அமைப்புகளும் வளர்ந்தன. இளவயதுத் திருமணம் இன்னும் ஒழியாத நாட்டில் அதன் தீங்கைக் குறைத்துச் சொல்ல முடியாது.

மேற்கு ஜாவாவின் காருட் மாவட்டத்தில் சிங்கஜயா என்ற மலைக் கிராமத்துப் பெண்கள் மூவர், மார்சியா, விடி, சித்தி, 2014இல் பள்ளியில் படிக்கும்போதே தங்கள் ஆசிரியரின் ஊக்கத்தில் ‘வாய்ஸ் ஆஃப் பாச்செப்ரோட்’ என்ற ஹெவி மெட்டல் குழுவைத் தொடங்கினார்கள். முக்காடு அணிந்துகொண்டு இப்படிக் கத்திப் பாடுவது பாவம் என்று ஊரில் எதிர்ப்பு, மிரட்டலும் வந்தது. முக்காட்டையும் விடவில்லை, கிதாரையும் விடவில்லை. பாட அனுமதி கொடு இறைவா என்று அவனிடமே முறையிடும் பாடலை எழுதினார்கள். 2024இல் இங்கிலாந்தின் கிளாஸ்டன்பரி இசை விழா மேடையில் ஏறிய முதல் இந்தோனேசியக் குழு அவர்களுடையது. மேற்குலகப் பத்திரிகைகள் முக்காட்டைப் பற்றியே கேட்டுக்கொண்டிருக்க, அவர்கள் தங்கள் இசையைப் பற்றிப் பேசவே விரும்பினார்கள்.

மூச்சு முட்டும் கணக்கு

இவ்வளவு துடிப்புக்கும் அடியில் ஒரு பெரிய கவலை ஓடுகிறது. 2023 ஆகஸ்டில் புள்ளியியல் துறை எடுத்த கணக்கில், 15 முதல் 24 வயது வரையுள்ளோரில் 99 லட்சம் பேர் படிக்கவுமில்லை, வேலையிலுமில்லை, பயிற்சியிலுமில்லை. இந்தோனேசிய வேலை விளம்பரங்களில் ‘25 வயதுக்குள்’, ‘கவர்ச்சியான தோற்றம்’, ‘முன் அனுபவம் அவசியம்’ என்ற மூன்று நிபந்தனைகளும் ஒரே சீட்டில் இருப்பது வழக்கம். வயது வரம்பு போடக் கூடாது என்று தொழிலாளர் அமைச்சகம் 2025 மே மாதம்தான் சுற்றறிக்கை அனுப்பியது. அதே மாதம் ஜகார்த்தாவை அடுத்த பெக்காசியில் நடந்த வேலைவாய்ப்பு முகாமில், இரண்டாயிரத்துச் சொச்சம் இடங்களுக்கு 25,000 பேர் அளவில் திரண்டு, நெரிசலில் பலர் மயங்கி விழுந்தார்கள்.

கல்யாணம் குறைகிறது என்று அங்கே மதத் தலைவர்கள் கவலைப்படுகிறார்கள். 2018இல் 20 லட்சமாக இருந்த பதிவுத் திருமணங்கள் 2024இல் 15 லட்சத்துக்கும் கீழே வந்துவிட்டன. கல்யாணம் என்றால் பயமாக இருக்கிறது என்று இளம்பெண்கள் 2024இல் டிக்டாக்கில் வரிசையாகக் காணொளி போட்டார்கள். குடும்ப வன்முறை, கணவரின் சூதாட்டக் கடன், பெற்றோரையும் பிள்ளையையும் ஒரே சம்பளத்தில் தாங்க வேண்டிய சுமை என்று அவர்கள் சொன்ன காரணங்கள் எவையும் கற்பனை இல்லை. இணையச் சூதாட்டத்தில் 2023ஆம் ஆண்டு மட்டும் புழங்கிய பணம் 327 லட்சம் கோடி ரூபியா என்று நிதிப் பரிவர்த்தனைக் கண்காணிப்பு நிறுவனம் சொன்னது. செல்போனில் இரண்டு நிமிடத்தில் கிடைக்கும் கடனும் அதன் பக்கத்திலேயே நிற்கிறது. வெற்றியைக் காட்டியே ஆக வேண்டும் என்ற நெருக்கடி எவ்வளவு என்றால், 2024இல் பணம் கொடுத்து வேறொருவரை ஓடவைத்து, அந்தத் தூரத்தைத் தன் ஓட்டக் கணக்கில் ஏற்றிக்கொள்ளும் பழக்கமே தலைதூக்கியது. இதை நான் நியாயப்படுத்தவில்லை. ஆனால் நாள் முழுக்கத் தரம்பிரிக்கப்படும் பிள்ளைகள் பொய்யாகவேனும் மதிப்பெண் தேடுவார்கள் என்பதை உணர முடிகிறது.

2025 பிப்ரவரியில் ‘கபூர் அஜா டுலு’, அதாவது ‘முதலில் ஓடிப்போய்விடு’ என்ற முழக்கம் சமூக ஊடகத்தில் பரவியது. ஜப்பானிலும் ஜெர்மனியிலும் வேலைக்கு எப்படி விண்ணப்பிப்பது, எந்த மொழித் தேர்வு எழுதுவது என்று இளைஞர்கள் ஒருவருக்கொருவர் சொல்லிக்கொடுத்தார்கள். தொழிலாளர் துணை அமைச்சராக இருந்த இம்மானுவேல் எபனேசர், போக வேண்டுமானால் போகட்டும், தேவையானால் திரும்பி வரவே வேண்டாம் என்கிற தொனியில் பதில் சொன்னார். அவரே அந்த ஆகஸ்டில் பணம் பறித்த புகாரில் ஊழல் ஒழிப்பு ஆணையத்தால் கைது செய்யப்பட்டுப் பதவி இழந்தார். ஒரு நாட்டின் படித்த பிள்ளைகள் வெளியேறுவதைப் பற்றிப் பேசும்போது, அமைச்சர் நிலையில் இருப்பவர் வெட்கப்பட வேண்டும். கதவைக் காட்டக் கூடாது.

இந்தத் தலைமுறையை எப்போதும் தெளிவான அரசியல் கொண்டதாக வரைவதும் பொய். 2024 பிப்ரவரி அதிபர் தேர்தலில் பிரபோவோ சுபியாந்தோ, குண்டுக் கன்னம் கொண்ட கார்ட்டூன் தாத்தாவாக டிக்டாக்கில் ஆடினார். இளம் வாக்காளர்களில் பெரும்பகுதி அவருக்கு வாக்களித்தது. 1998இல் ஜனநாயக ஆர்வலர்கள் கடத்தப்பட்ட விவகாரத்தில் ராணுவத்திலிருந்து நீக்கப்பட்டவர் அவர். அந்தக் கடத்தல்களைப் பற்றி லெய்லா சுடோரி எழுதிய நாவலை இதே தலைமுறைதான் விரும்பி வாங்கிப் படிக்கிறது. இரண்டும் ஒரே வகுப்பறையில் நடக்கின்றன. பள்ளிப் பாடநூல் சொல்லாமல் விட்ட வரலாற்றை நாவலிலும் யூடியூபிலும் தேடிப் பொறுக்கிக்கொள்ளும் பிள்ளைகளிடம் வேறென்ன எதிர்பார்க்க முடியும்?

ஆனால் கற்றுக்கொண்டார்கள், வேகமாகவே. 2024 ஆகஸ்டில், உள்ளாட்சித் தேர்தல் விதிகளில் அரசியல் சாசன நீதிமன்றம் தந்த தீர்ப்பைப் புரட்டிப்போட நாடாளுமன்றம் முயன்றபோது, நீலப் பின்னணியில் கருடச் சின்னத்தை ஏந்திய ‘அவசர எச்சரிக்கை’ ஒரே இரவில் கோடிக்கணக்கான திரைகளில் பரவியது. மறுநாள் தெருவில் கூட்டம் திரண்டது, திருத்தம் கைவிடப்பட்டது. 2025 பிப்ரவரியில், புர்பாலிங்கா ஊரிலிருந்து முகமூடி அணிந்து பாடும் ‘சுகதானி’ என்ற இருவர் குழு, காவலர்களின் லஞ்சத்தைச் சாடிய பாடலை இணையத்திலிருந்து எடுத்துவிட்டு, முகமூடி கழற்றி மன்னிப்புக் கேட்கும் நிலைக்குத் தள்ளப்பட்டது. பாடகிக்குப் பள்ளி ஆசிரியை வேலையும் போனது. விளைவு, பாடலை அதுவரை கேட்டிராதவர்களும் ஊர்வலங்களில் அதைப் பாடினார்கள். பிறகு அவர்களைக் காவல் துறையின் தூதராக்க முன்வந்தபோது அந்த இருவரும் மறுத்துவிட்டார்கள்.

அந்த ஆண்டு, 80ஆவது சுதந்திர நாளுக்கு முன்பு, லாரிகளிலும் வீட்டு வாசல்களிலும் ஜப்பானிய ‘ஒன் பீஸ்’ காமிக்ஸின் வைக்கோல் தொப்பி மண்டையோட்டுக் கொடி பறந்தது. அந்தக் கதையில் ஊழல் மிகுந்த உலக அரசை எதிர்ப்பவர்களின் கொடி அது. தேசத்தைப் பிளக்கும் முயற்சி என்றார்கள் ஆளும் தரப்பினர். ஆகஸ்ட் 25 அன்று நாடாளுமன்ற உறுப்பினர்களின் மாதம் 5 கோடி ரூபியா வீட்டுப்படியை எதிர்த்துப் போராட்டம் தொடங்கியது. ஜகார்த்தாவின் அப்போதைய குறைந்தபட்ச மாதச் சம்பளமான 54 லட்சம் ரூபியாவைப்போல் அது ஒன்பது மடங்குக்கு மேல். 28ஆம் தேதி இரவு, செயலி வழி பைக் ஓட்டிப் பிழைத்த 21 வயது அஃபான் குர்னியாவான் மீது காவல் துறையின் கவச வண்டி ஏறியது, அவர் இறந்தார். போராட்டம் நகரம் நகரமாகப் பரவியது. 31ஆம் தேதி உறுப்பினர்களின் சலுகைகளைக் குறைப்பதாக அதிபர் பிரபோவோ அறிவித்தார். காவலர் வரிசைக்கு முன்னால் தனியாக நின்ற பெண்ணின் முக்காட்டு நிறமான இளஞ்சிவப்பும், பைக் ஓட்டுநர்களின் சட்டை நிறமான பச்சையும் லட்சக்கணக்கான இளைஞர்களின் சுயவிவரப் படங்களில் ஏறின. ‘17+8’ என்ற கோரிக்கைப் பட்டியல் கெடு வைத்து நாடாளுமன்றத்துக்குப் போனது. இதை எழுதிப் பரப்பியவர்களில் பலர் நாடறிந்த இணையப் படைப்பாளிகள். அதுவரை அவர்களை நடனமும் விளம்பரமும் போடுபவர்கள் என்றே நாடு நினைத்திருந்தது.

அரசு இதிலிருந்து என்ன கற்றது என்பதற்கு ஒரு கணக்குப் போதும். 2025 செப்டம்பரில் காவல் துறை அறிவித்தபடி, ஆகஸ்ட் கலவரங்களுக்காகக் குற்றம் சாட்டப்பட்டவர்கள் 959 பேர். அவர்களில் 295 பேர் 18 வயது நிரம்பாதவர்கள். தீ வைத்தவர்களையும் சூறையாடியவர்களையும் சட்டம் விசாரிக்கட்டும். கூட்டத்தில் நின்றதற்காகவும் செல்போனில் பதிவு போட்டதற்காகவும் பிடிக்கப்பட்ட பிள்ளைகள் மீதான வழக்குகளைப் பிரபோவோ அரசு நிபந்தனையின்றித் திரும்பப் பெற வேண்டும். படிப்பு உதவித் திட்டங்களும் இளைஞர் விழாக்களும் அதற்குப் பிறகு நடக்கட்டும்.